ஆடும் வள்ளத்தின் திணிவு மையம்

வள்ளம் இடப்பக்கம் சரிந்தது. சரிந்து, இன்னும் சரிந்து, பாய்மரத்தின் நுனி மேசைக்கு ஒரு சாண் உயரத்தில் வந்து நின்றது.

குருநகரில் ஒரு வீட்டு முற்றம். தகரப் பந்தலுக்குக் கீழே நூறு பேருக்கு மேல். ஐஸ்கிறீம் சாப்பிட்டுக்கொண்டிருந்த ஒரு மாமா கரண்டியை வாய்க்குள் வைத்தபடியே நின்றார்.

பிறகு அது, நித்திரைப் பாயிலிருந்து எழும்ப மனமில்லாத ஆளைப்போல, மெல்ல மெல்ல நிமிர்ந்தது.

பந்தல் அதிரக் கைதட்டினார்கள். நான் தட்டவில்லை. அது மெல்ல நிமிர்ந்ததுதான் எனக்குப் பிடிக்கவில்லை. கால் மணித்தியாலத்துக்கு முன்னர் அதே வள்ளம் சட்டென்று நிமிர்ந்தது. இப்போது யோசித்து யோசித்து நிமிர்கிறது. அப்படி ஒன்று யோசிக்கத் தொடங்கினால் அதற்கு என்ன அர்த்தம் என்பது அந்த முற்றத்தில் எனக்கு மட்டும்தான் தெரியும்.

வள்ளம் என்றால் மரவள்ளம் இல்லை. கேக். நான் செய்தது.

இந்தத் தொடரை வாசித்து வருகிறவர்களுக்கு என்னைத் தெரியும். புதிதாக வருகிறவர்களுக்காக: கணிதத்தில் சிறப்புப் பட்டம் எடுத்துவிட்டு, அரசாங்க நியமனக் கடிதத்துக்குக் காத்திருந்த வருடங்களில் ஒரு அவன் அடுப்பு வாங்கி, இணுவிலில் கேக் செய்யத் தொடங்கி, கடிதம் வராமலே கேக்காரியாகிப் போனவள் நான். சுன்னாகத்திலிருந்து ஒரு வாசகி கேட்டிருந்தார்: "நீங்கள் படிச்ச படிப்பு கேக்குக்கு ஒருநாளாவது உதவினதோ?"

உதவியது அக்கா. ஒரு நாள். அந்த நாளைத்தான் இந்தக் கிழமை சொல்லப்போகிறேன்.

றீற்றா அக்கா கேட்டது

றீற்றா அக்கா ஸ்கூட்டியில் வந்து, ஹெல்மெட்டைக் கழற்றாமலே எங்கள் விறாந்தைக் கதிரையில் இருந்தார். குருநகர். கணவர் அருள்தாஸ் கடற்றொழில். வருகிற சனிக்கிழமை கலியாணம் கட்டி இருபத்தைந்து வருடம் நிறைகிறது.

"தங்கச்சி, வள்ளம் ஒண்டு வேணும்."

"வள்ளம் மாதிரிக் கேக்தானே அக்கா? செய்யலாம்."

"மாதிரி எண்டால்... ஆடோணும்."

"ஆடோணுமோ?"

"ஓம். விரலாலை தட்டினால் ஆடோணும். ஆடிப்போட்டு நிமிரோணும். கவிழக்கூடாது. பாயும் வேணும். நாங்கள் கலியாணம் கட்டேக்கை எங்களிட்டைப் பாய் வள்ளம்தான் இருந்தது. எஞ்சினுக்கு எண்ணெய் இல்லாத சண்டைக் காலமெல்லோ."

உள்வாசலில் நின்ற என் கணவர் மயூரன் தலையை இடமும் வலமும் ஆட்டினார். வேண்டாம், வேண்டாம், வேண்டாம். அவர் தலை ஆடிய வேகத்தைப் பார்த்தால் அதுவே ஒரு வள்ளம்தான்.

நான் "ஓம் அக்கா, செய்து தாறன்" என்றேன்.

ஏன் சொன்னேன் என்று இன்றைக்கும் நினைத்துச் சிரிப்பேன். அதுவரை என்னிடம் வந்தவர்கள் எல்லோரும் கேட்டது ரோசாப்பூ, வண்ணத்துப்பூச்சி, கார், கிரிக்கெட் மட்டை. இத்தனை வருடத்தில் முதல்முறையாக ஒருவர் வந்து, எனக்கு விடை தெரிந்த ஒரு கேள்வியைக் கேட்டிருக்கிறார். உள்ளங்கால் கூசுகிற மாதிரி ஒரு சந்தோசம். ஸ்கூட்டி படலையைத் தாண்டியதும் நான் குசினிக்குள் ஓடிப்போய் ஒரு சுற்றுச் சுற்றினேன்.

"விசர் பிடிச்சிட்டுதோ உமக்கு?" என்றார் மயூரன்.

"திணிவு மையம்!" என்றேன். "எல்லாம் திணிவு மையம்தான், இஞ்சாருங்கோ!"

நடு எங்கே?

இதைப் பள்ளிக்கூடத்தில் படித்தவர்கள் மறந்திருப்பீர்கள். படிக்காதவர்கள் பயப்படவேண்டாம்.

ஒரு மட்டையை எந்த வடிவத்தில் வெட்டினாலும், அதை ஒற்றை விரல் நுனியில் விழாமல் நிறுத்தக்கூடிய ஒரு புள்ளி இருக்கும். முழுப் பாரமும் அந்த ஒரு புள்ளியில் இருக்கிறது என்று வைத்துக்கொண்டு கணக்குப் பார்க்கலாம். திணிவு மையம் என்பது அதுதான். செவ்வகத்துக்கு மூலைவிட்டங்கள் வெட்டுகிற இடம். வட்டத்துக்கு அதன் மையம். முக்கோணத்துக்கு அடியிலிருந்து உயரத்தில் மூன்றில் ஒரு பங்கு. முக்கோணத்தின் அந்தப் புள்ளிக்கு எங்கள் பாடப்புத்தகத்தில் 'மையப்போலி' என்று பெயர். அந்தப் பெயரைப் படித்த நாளில் எனக்கும் என் பக்கத்தில் இருந்த சிநேகிதிக்கும் சிரிப்பு அடங்கவில்லை. மையம் மாதிரி நடிக்கிறதாம்! இருவரும் வகுப்புக்கு வெளியே நின்றோம்.

வடிவம் ஒழுங்கில்லாமல் இருந்தால், மட்டையை ஆணியில் தொங்கவிட்டு, நூலில் பாரத்துக்கு ஒரு இரும்புச் சுரையைக் கட்டி அதே ஆணியில் விட்டு, நூல் போகிற வழியே கோடு கீறவேண்டும். வேறு இடத்தில் தொங்கவிட்டு இன்னொரு கோடு. இரண்டும் சந்திக்கிற இடம்தான் அது. மூன்றாவது கோடும் அதே புள்ளியால் போகவேண்டும். எனக்கு ஒருநாளும் போனதில்லை. மூன்று கோடும் சேர்ந்து நடுவில் சின்ன முக்கோணம் ஒன்றை உண்டாக்கும். "உம்மடை மையம் ரெண்டு பரப்புக் காணியெல்லோ" என்பாள் அந்தச் சிநேகிதி.

அவள் சாவகச்சேரிக்காரி. யாழ்ப்பாணக் குடாநாட்டின் நடு தென்மராட்சியில்தான் இருக்கிறது என்று அவள் சொல்ல, இணுவிலுக்குக் கிட்டத்தான் என்று நான் சொல்ல, ஒருநாள் பெரிய சண்டை. கடைசியில் குடாநாட்டை மட்டையில் கீறி, ஓரம் ஓரமாக வெட்டி, தொங்கவிட்டுப் பார்த்தோம். கோடுகள் வெட்டிய இடம் கோப்பாய்க்கும் கைதடிக்கும் இடையில், உப்பாற்றுத் தண்ணீருக்குள். எங்களைப் போல எத்தனை பேர் ஊர்ச்சண்டை பிடித்திருப்பார்கள், நடுவில் இருப்பது இறாலும் சேறும்! அன்றைக்குச் சிரித்த சிரிப்பில் அவளுக்கு விக்கல் பிடித்துத் தண்ணீர் தேடி ஓடினோம்.

சரி, வள்ளத்துக்கு வருகிறேன்.

நாலு ஆர், மூன்று பை

ஒரு உருளையை நெடுக்காகப் பிளந்தால் வருவதுதான் வள்ளத்தின் அடி. அதன் முகம் அரைவட்டம். அரைவட்டத்தின் திணிவு மையம் தட்டையான விளிம்பிலிருந்து எவ்வளவு ஆழத்தில் இருக்கிறது? ஆரையை ஆர் என்று வைத்தால், நாலு ஆரை மூன்று பையால் பிரிக்கவேண்டும். தொகையீடு செய்து இதை நான் ஒரு நூறு தடவையாவது நிறுவியிருப்பேன். மயூரனுக்கு அதைச் சொன்னேன்.

"நாலு ஆர்?" என்றார் அவர். "ஆர் அந்த நாலு பேர்? மூண்டு பையுக்குள்ளை என்ன கொண்டு போகினம்?"

அவர் விளம்பரப் பலகை எழுதுகிறவர். கணக்கோடு பகை, மற்றெல்லாவற்றோடும் நல்ல சிநேகம். ஆகவே கடுதாசியில் கீறிக் காட்டினேன். வள்ளத்தின் அடி வட்டமாக இருப்பதால், அது எப்படி உருண்டாலும் அந்த வட்டத்தின் மையம் அதே உயரத்தில்தான் நிற்கும். முழுப் பாரமும் இருக்கிற புள்ளி அந்த மையத்துக்குக் கீழே இருந்தால், அது தொங்குகிற ஊஞ்சல் மாதிரி. எந்தப் பக்கம் தள்ளினாலும் திரும்பி வந்துவிடும். மேலே போனால் முடிந்தது. தட்டினால் படுத்துவிடும்.

"அப்ப பாயும் சோடினையும் மேலை, கேக் கீழை. கீழை இருக்கிறது வெல்லோணும்."

"அவ்வளவுதான்!"

"உதைச் சொல்ல ஏன் மூண்டு பை?"

ஆனால் அவருக்கும் பற்றிக்கொண்டது. அன்று பின்னேரம் பந்து மாதிரி உருண்ட இரண்டு வத்தகப்பழத்தோடு வந்து இறங்கினார். ஒன்றைப் பாதியாக வெட்டி, முதுகு கீழே இருக்கும்படி மேசையில் வைத்தோம். திண்ம அரைக்கோளம், அதன் மையம் ஆரையில் எட்டில் மூன்று பங்கு ஆழத்தில். அதன்மேல் ரொட்டி மாவில் ஒரு கூம்பு பிடித்து வைத்தேன். கூம்பின் மையம் அடியிலிருந்து உயரத்தில் காற்பங்கு. தட்டினோம். ஆடி நிமிர்ந்தது. கூம்பை இன்னும் உயர்த்தினோம். ஆடி நிமிர்ந்தது. உயர்த்தினோம்.

"கூம்பின்ரை உயரம் ஆரையிலை ஒண்டேமுக்கால் மடங்குக்குக் கிட்டப் போகேக்கை விழும்" என்றேன். இரண்டும் ஒரே பொருளென்றால் கணக்கு அப்படி. மாவும் வத்தகப்பழமும் ஒரே பாரமில்லை என்பதால் கொஞ்சம் முந்தியே விழுந்தது. மயூரன் உடுத்திருந்த வெள்ளைச் சாரத்தின் மேல் விழுந்தது. அவர் எழும்பிப் போகாமல் "இன்னொருக்கா, இன்னொருக்கா!" என்று சின்னப்பிள்ளை மாதிரிக் கத்தினார். அந்தக் கிழமை முழுக்க எங்கள் வீட்டில் காலையும் மாலையும் வத்தகப்பழம்தான்.

அடுத்த நாள் மெல்லிய தகரத்தை வளைத்து, பத்து அங்குல அகலத்தில், பதினெட்டு அங்குல நீளத்தில், கூரைத் தண்ணீர் ஓடுகிற பீலி மாதிரி ஒன்று செய்து தந்தார். கேக் அதற்குள் இருக்கும். கேக் நசியாது, தகரம் உருளும். ஐந்தரைக் கிலோ பட்டர் கேக். மையம் இரண்டு அங்குலத்துக்குக் கொஞ்சம் கூட ஆழத்தில். சீனிப் பசையில் செய்த முக்கோணப் பாய், பாய்மரம், மாப்பிள்ளை பொம்பிளை உருவம். பாரத்தை விளிம்பிலிருந்து உள்ள தூரத்தால் பெருக்கிப் பார்த்தேன். கீழே பன்னிரண்டு, மேலே ஐந்துகூட இல்லை.

வெற்றி. புதன்கிழமை நான் பாட்டுப் பாடிக்கொண்டு பாத்திரம் கழுவினேன்.

மீன்காரர் சொன்னது

வியாழக்கிழமை காலை மீன்காரர் வந்தார். குருநகர் ஆள். மோட்டார் சைக்கிள் பெட்டியைத் திறந்து விளைமீனை எடுத்துக் காட்டிக்கொண்டிருந்தபோது, சும்மா இருக்க மாட்டாமல், உங்கடை ஊர் அருள்தாஸ் அண்ணைக்கு வள்ளக் கேக் செய்யிறன், ஆடுகிற வள்ளம் என்று பெருமை அடித்தேன்.

அவர் மீனைப் பெட்டிக்குள் திரும்ப வைத்தார்.

"ஆர், றீற்றாக்காவின்ரை மனுசனோ? அவர் கவிண்ட ஆளெல்லோ, பிள்ளை."

"கவிண்டதோ?"

"போன மாரியிலை. அவரும் மச்சான் சூசையும். வள்ளம் கவிண்டு, அதைப் பிடிச்சுக்கொண்டு கனநேரம் தண்ணிக்குள்ளை கிடந்து தப்பி வந்தவை. சூசை பேந்து தொழிலுக்குப் போறான். அவர் அண்டையோடை கடலிலை இறங்கேல்லை. அதைப்பற்றி ஒரு சொல்லுக் கதைக்கிறதும் இல்லை. கரையிலை வள்ளம் குப்புறக் கிடக்குது, திருப்பவும் விடுறார் இல்லை." அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். "ஆடுற வள்ளமோ செய்யிறியள்?"

மீன் வாங்கினேனா என்று நினைவில்லை. உள்ளே போய் றீற்றா அக்காவுக்குப் போன் எடுத்தேன்.

"அக்கா, நீங்கள் ஏன் எனக்குச் சொல்லேல்லை?"

போனுக்குள் ஆரோ பாத்திரம் கழுவுகிற சத்தம்.

"சொன்னால் நீர் செய்யமாட்டீர் எண்டு பயந்திட்டன். எல்லாரும் அவருக்கு முன்னாலை வள்ளம் எண்ட சொல்லையே சொல்லாமல் திரியினம். பதினொரு மாசம். சாவீடு மாதிரி. எனக்குக் காணும் தங்கச்சி. ஆடினாலும் நிமிரும் எண்டு அவர் கண்ணாலை பார்க்கோணும். அவ்வளவுதான்."

"நிமிராட்டி?"

"நிமிரும் எண்டுதானே நீர் சொன்னனீர்?"

அதைச் சொன்னதோடு அவர் குரல் மறுபடி உசாராகிவிட்டது. "இன்னொரு விசயம். அணியத்திலை, முன்னுக்கு, மாதா சொரூபம் ஒண்டு வைக்கோணும். மாதா இல்லாமல் என்ன வள்ளம்? பெரிசு. பின்னேரம் கொண்டு வாறன்."

மாதா பாரமோ?

கொண்டு வந்தார். சாந்தில் வார்த்த சொரூபம். தராசில் வைத்தேன்: ஒரு கிலோவுக்கு மேல்.

"அக்கா, பிளாஸ்ரிக்கிலை சின்னதா ஒண்டு..."

"மாதா பாரம் எண்டு சொல்லுறீரோ?"

"ஐயோ, இல்லை அக்கா."

இருபத்தைந்து என்ற பெரிய எழுத்தும் வேண்டுமாம், விளக்குமாம், பூவளையமுமாம். அவர் போனபிறகு கணக்கைத் திரும்பப் போட்டேன். கீழே பன்னிரண்டு. மேலே பத்து. கவிழாது, ஆனால் ஒரு பிள்ளை கையைத் தவறுதலாகப் போட்டால்? மேசை கொஞ்சம் சரிவாக இருந்தால்? ஒரு மனுசன் பதினொரு மாதம் வாய் திறக்காமல் இருக்கிற வீட்டில், ஊரே பார்த்துக்கொண்டிருக்க, அந்த வள்ளம் படுத்தால்? நான் ஒரு ஸ்பொஞ் கேக்கை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு தரையில் இருந்துவிட்டேன்.

மயூரன் வந்து பக்கத்தில் இருந்தார். ஒரு துண்டைப் பிய்த்துச் சாப்பிட்டார்.

"இஞ்சரும், ஒரே கேக்காத்தான் இருக்கோணுமோ? கீழை பாரமானது போடுமன்."

நான் அவரைப் பார்த்தேன். ரிச் கேக்! பேரீச்சம்பழமும் பிளம்ஸும் கஜுவும் இஞ்சிப்பாகும் அடைத்த, கையில் எடுத்தால் செங்கல் மாதிரி இருக்கிற ரிச் கேக்! அடிப்பாதிக்கு அது. மேல்பாதிக்கு லேசான ஸ்பொஞ். பாரமும் கூடும், மையமும் இன்னும் கீழே போகும். தரையில் இருந்தபடியே கரித்துண்டால் கணக்குப் போட்டேன். கீழே இருபத்தொன்று. மேலே பத்து.

அவரைக் கட்டிப்பிடித்தேன். ஸ்பொஞ் கேக் நடுவில் நசிந்தது. வெள்ளிக்கிழமை விடிந்ததிலிருந்து பொழுதுபடும்வரை இருவரும் குசினியை விட்டு வெளியே வரவில்லை. பழங்களை வெட்டிக் குவித்து, அவன் அடுப்பை மூன்று தடவை நிரப்பி, ஆற வைத்து, தகரப் பீலிக்குள் அடுக்கி, நீல ஐசிங் பூசி, கடைசியில் மாதாவை இரண்டு கையாலும் தூக்கி வைத்தோம். ஒரு விரலால் தட்டினேன். போய், சட்டென்று வந்து நின்றது. மறுபக்கம் தட்டினேன். போய், வந்து நின்றது. "ஆகா!" என்றார் மயூரன், "நல்லாப் பழக்கின வள்ளம்."

முற்றம்

சனிக்கிழமை மத்தியானம் ஓட்டோவில் பின்சீற்றில் நானும், என் மடியில் வள்ளமும். ஒவ்வொரு குழிக்கும் அது ஆடியது, நான் அதோடு சேர்ந்து ஆடினேன். குருநகர் ஒழுங்கைக்குள் போகும்போது பிள்ளைகள் "வள்ளம் ஓட்டோவிலை வருது!" என்று பின்னால் ஓடிவந்தார்கள்.

அருள்தாஸ் அண்ணை பந்தலின் கடைசிக் கதிரையில் இருந்தார். மெலிந்த, உயர்ந்த மனிதர். மடிப்புக் குலையாத புதுச் சேட். அவருக்குப் பின்னால், வேலிக்கு அப்பால் கடற்கரை. அங்கே ஒரு நீல வள்ளம் குப்புறக் கிடந்தது. அவர் அதற்கு முதுகு காட்டி இருந்தார்.

கேக்கை மேசையில் வைத்துத் துணியை எடுத்ததும் கதை நின்றது. பாட்டுப் போட்டுக்கொண்டிருந்தவன்கூட நிற்பாட்டிவிட்டான். றீற்றா அக்கா கணவரின் கையைப் பிடித்து மேசைக்குக் கூட்டிவந்தார்.

"தட்டுங்கோ."

அவர் தட்டவில்லை. கேக்கைப் பார்க்கவும் இல்லை, மனைவியின் முகத்தைப் பார்த்தார்.

றீற்றா அக்கா தானே தட்டினார். வள்ளம் சரிந்தது, சட்டென்று நிமிர்ந்தது. ஆரோ ஒரு பெண்பிள்ளை கெக்கட்டமிட்டுச் சிரித்தாள். அவர் குனிந்து பார்த்தார். பிறகு ஒரு விரலை நீட்டி, வலு மெதுவாக, வள்ளத்தின் ஓரத்தில் தொட்டார். போய் வந்தது. இன்னும் கொஞ்சம் பலமாக. போய் வந்தது. மூன்றாம் முறை உள்ளங்கையால் தள்ளினார். போய், வந்து, நின்றது.

"உதுக்குள்ளை என்ன வைச்சிருக்கிறியள், பிள்ளை?" என்று என்னைக் கேட்டார்.

"அடியிலை ரிச் கேக் அண்ணை. பாரம்."

"ஓம்," என்றார். அந்த 'ஓம்' எனக்குப் பட்டம் கிடைத்த நாளில்கூடக் கிடைக்காத சான்றிதழ்.

பிறகு கொண்டாட்டம்தான். இருவருமாகக் கத்தியைப் பிடித்து பின்முனையில் ஒரு துண்டு வெட்டினார்கள். அவர் அவவுக்கு ஊட்ட, அவ அவருக்கு ஊட்ட, வரிசையில் நின்றவர்கள் ஒவ்வொருவராக வந்து, வள்ளத்தை ஒருமுறை தட்டி ஆடவிட்டு, ஒரு துண்டு வாங்கிக்கொண்டு போனார்கள். பாயும் மாதாவும் நிற்கிற இடத்தை மட்டும் விட்டு, இந்தப் பக்கம் ஒரு துண்டு, அந்தப் பக்கம் ஒரு துண்டு.

நான் ஒரு மூலையில் நின்று பற்றிஸ் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். பூமியிலேயே சந்தோசமான ஆள் நான்தான். அப்போதுதான் அந்த வள்ளம் மெல்ல நிமிர்ந்தது.

நான் போடாத கணக்கு

கையிலிருந்த பற்றிஸைப் பக்கத்துக் கதிரையில் வைத்தேன்.

கேக்கை வெட்டுவார்கள் என்று நான் நினைக்கவே இல்லை! இதைவிடப் பெரிய முட்டாள்தனம் ஒரு கேக்காரிக்கு இருக்குமோ? வெட்ட வெட்டக் கீழே இருக்கிற பாரம் குறைகிறது. மேலே மாதா அப்படியே. பாய் அப்படியே. இருபத்தொன்று பாதியாகிப் பத்தரை, மேலே பத்து. மையம் ஏறி ஏறி விளிம்புக்கு வந்துவிட்டது. அதனால்தான் நிமிர யோசிக்கிறது. இன்னும் இரண்டு துண்டு போனால் யோசிக்கவும் மாட்டாது.

ஒரு ஆன்ரி கத்தியைக் கையில் எடுத்தார். அவருக்குப் பின்னால் நின்ற பிள்ளை விரலை நீட்டிக்கொண்டு ஓடி வந்தது.

நான் பிளாஸ்ரிக் கதிரையில் ஏறி நின்று கத்தினேன்: "வெட்டாதேங்கோ! ஒருத்தரும் தட்டாதேங்கோ! கவிழப்போகுது!"

அந்தச் சொல்லைச் சொல்லியிருக்கக் கூடாது. பந்தல் முழுக்க உறைந்தது. றீற்றா அக்காவின் முகம் வெளுத்துப் போனது. கதிரை ஒருபக்கம் சரிய, மயூரன் ஓடிவந்து என் காலைப் பிடித்தார்.

அருள்தாஸ் அண்ணை மட்டும் பதறவில்லை. மேசையில் இருந்ததைப் பார்த்தார். பாதி போன வள்ளத்தைப் பார்த்தார். மேலே நிற்கிற பாயைப் பார்த்தார். முகத்தில் சிரிப்பு வந்தது.

"ஏன் பிள்ளை கத்துறியள்? பாயை இறக்கிப்போட்டு வெட்டினால் சரிதானே."

பாய்மரத்தைப் பிடித்து ஒரே இழுப்பில் பிடுங்கினார். பிறகு மாதாவை இரண்டு கையாலும் தூக்கி, முத்தமிட்டு, மனைவியின் கையில் கொடுத்தார். விரலால் வள்ளத்தை ஒரு தட்டு. போய், சட்டென்று வந்து நின்றது.

நான் கதிரையில் நின்றபடியே சிரிக்கத் தொடங்கினேன். நாலு வருடம் பல்கலைக்கழகம், ஒரு கிழமை கணக்கு, இரண்டு வத்தகப்பழம்! அதற்குப் பிறகு பந்தலில் சிரிக்காத ஆள் இல்லை. ஒருவரைத் தவிர. மச்சான் சூசை. அவர் மேசைக்கு எதிரே, கேக் தட்டைப் பிடித்தபடி நின்றார்.

"அண்டைக்கும் உதுதானே," என்றார் அருள்தாஸ் அண்ணை அவரிடம். குரல் பெரிதில்லை, ஆனால் எல்லோருக்கும் கேட்டது. "ஈரவலை முழுக்க மேலை குவிச்சுப்போட்டம். நல்ல மீன் பட்ட சந்தோசத்திலை இறக்கி வைக்கேல்லை."

"நான்தான் அத்தான் மேலை போடச் சொன்னது," என்றார் சூசை. "நீங்கள் என்னோடை கோவம் எண்டுதான் இவ்வளவு நாளும்..."

"கோவமோ? ஓட்டினது நானெல்லோ. நான் பார்த்திருக்கோணும். உன்னைக் கொண்டுபோய்ச் சாக்காட்டப் பார்த்தன் எண்டு... என்னெண்டு உன்ரை முகத்திலை முழிக்கிறது?"

இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். பதினொரு மாதம்! அத்தான் தன்னைப் பிழை சொல்கிறார் என்று சூசை நினைக்க, மச்சான் தன்னைப் பிழை சொல்கிறான் என்று அருள்தாஸ் அண்ணை நினைத்திருக்கிறார். சூசை கேக் தட்டை அப்படியே ஐஸ்கிறீம் மாமாவின் கையில் கொடுத்துவிட்டு அத்தானின் தோளைப் பிடித்தார். பிறகு அருள்தாஸ் அண்ணை வேலிப்பக்கம் திரும்பினார்.

"வா. உதைத் திருப்பிப் பார்ப்பம்."

"இப்பவோ?"

"இப்ப என்ன, ஆக்கள் நிக்கினம்தானே."

"சேட்டைக் கழட்டிப்போட்டுப் போங்கோ! புதுசு!" என்று றீற்றா அக்கா கத்தினார். ஆர் கேட்டது? வேலியைத் தாண்டிப் பெரிய கூட்டமே போனது. வேட்டியை மடித்துக் கட்டினவர்கள், சப்பாத்தைக் கையில் தூக்கினவர்கள், ஐசிங் கையோடு போனவர்கள். மயூரனும் போனார். நானும் செருப்பைக் கழற்றி எறிந்துவிட்டுப் போனேன். பாட்டுக்காரன் என்ன நினைத்தானோ, சத்தத்தைக் கூட்டி ஒரு பைலாப் பாட்டைப் போட்டுவிட்டான்.

ஒருபக்க ஓரத்தை எல்லோரும் பிடித்தோம். பாட்டுக்குத் தக்கபடி ஆரோ "ஒண்டு, ரெண்டு" என்றார்கள். நீல வள்ளம் ஈர மணலை விட்டுக் கிளம்பியது. கீழேயிருந்து நண்டுகள் நாலா பக்கமும் ஓட, பெண்பிள்ளைகள் வீரிட்டுக்கொண்டு பின்வாங்க, வள்ளம் ஒருகணம் விளிம்பில் நின்று, பிறகு 'தொம்' என்று நிமிர்ந்து விழுந்தது. மணலில் இப்படி ஒருக்கா, அப்படி ஒருக்கா ஆடியது. நின்றது.

கைதட்டல் ஓய முதலே அருள்தாஸ் அண்ணை ஏறிவிட்டார். பின்பக்கம், எஞ்சின் பிடிக்கிற இடத்தில், கடலைப் பார்த்தபடி இருந்தார். கையை அதன் ஓரத்தில் வைத்துத் தடவிக்கொண்டிருந்தார்.

றீற்றா அக்கா கரைக்கு வந்து சேர்ந்தபோது மூச்சு வாங்கியது. கண்ணால் தண்ணீர் வழிய, வாயால் சிரித்துக்கொண்டு, கையில் இன்னும் மாதாவை வைத்திருந்தார்.

"இஞ்சாருங்கோ, இறங்குங்கோ. புரியாணி ஆறுது."

அவர் இறங்கவில்லை. கொஞ்சம் தள்ளி இருந்து, பக்கத்துப் பலகையைக் கையால் துடைத்துவிட்டார்.

றீற்றா அக்கா மாதாவை என் கையில் தந்தார். பட்டுச் சீலையை முழங்காலுக்குத் தூக்கிச் செருகினார். "பிடியும் தங்கச்சி, விழுத்திப்போடாதேயும்," என்று சொல்லிவிட்டு, தானும் ஏறினார்.